கிரேடியஸ்: ஆயுதமின்றி மீளக் கற்றுக்கொள்வதிலிருந்து ஏழு கட்டங்களையும் கடப்பது வரை ஒரு முழுமையான வழிகாட்டி

1985ஆம் ஆண்டு மே மாதம் கொனாமி நிறுவனம் ஜப்பானிய ஆர்கேட் கூடங்களுக்கு வெளியிட்ட கிரேடியஸ், திரை வலமிருந்து இடமாக நகர, விக் வைப்பர் என்ற ஒற்றை விண்கலம் பாக்டீரியன் என்ற எதிரிப் படைக்குள் ஊடுருவிச் செல்லும் ஆட்டம். ஜப்பானுக்கு வெளியே ஆர்கேட்டில் இதற்கு நெமிசிஸ் என்று பெயர். 1981இல் இதே நிறுவனம் வெளியிட்ட ஸ்கிராம்பிள் ஆட்டத்தின் வாரிசாகவே இது உருவாகத் தொடங்கியது. ஹிரோயாசு மாச்சிகுச்சியின் தலைமையில் உருவான இதற்கு மிகி ஹிகாஷினோ இசையமைத்தார்.

இந்த ஆட்டத்தைக் கற்க முனைபவர்களில் பெரும்பாலோர் பாதியில் கைவிடுவதற்கு ஒரே காரணம்தான் இருக்கிறது. ஆப்ஷன் எனப்படும் நான்கு துணைக்கோள்கள், லேசர், ஏவுகணை என்று முழு ஆயுதங்களுடன் பறந்துகொண்டிருக்கும் கலம் ஒரே ஒரு குண்டு பட்டால் வெடித்துவிடும். அடுத்த உயிர் தொடங்கும்போது அத்தனை ஆயுதங்களும் பறிபோய், ஆமை வேகத்தில் நகரும் வெறும் கலம்தான் கையில் இருக்கும். ஆனால் எதிரே நிற்பதோ நான்காம் கட்டத்தின் முழுப் படை. எனவே பெரும்பாலான குறிப்புகள் சாகாமல் ஆடுவது எப்படி என்று சொல்லித்தருகின்றன. என் அனுபவம் வேறு விதமாகச் சொல்கிறது. செத்த பின் வெறுங்கலத்தை வைத்துக்கொண்டு மீண்டு வருவதை முதலில் கற்றவர்தான் இந்த ஆட்டத்தை முடிக்கிறார். இந்த வழிகாட்டி அந்த வரிசையிலேயே செல்கிறது.

எந்தப் பதிப்பில் தொடங்குவது

கிரேடியஸ் முதலில் வந்தது பபிள் சிஸ்டம் என்ற கொனாமியின் சொந்த மின்சுற்றுப் பலகையில். அதில் ஆட்டத்தின் தரவு காந்தக் குமிழி நினைவகத்தில் பதிந்திருந்தது. அந்த நினைவகம் தக்க வெப்பநிலையை அடைந்த பிறகே வேலை செய்யும் என்பதால், காலையில் இயந்திரத்தை இயக்கியதும் திரையில் எண்கள் இறங்குமுகமாக ஓட, இளங்காலைக்குரிய மென்மையான ஒரு மெட்டு ஒலிக்கும். அது முடிந்த பிறகுதான் ஆட்டம் தொடங்கும். ரசிகர்கள் அந்த மெட்டை இன்றும் 'மார்னிங் மியூசிக்' என்றே அழைக்கிறார்கள். குமிழி நினைவகம் எளிதில் பழுதடையக்கூடியது என்பதால் பிற்காலத்தில் சாதாரண ரோம் சில்லுகள் கொண்ட பலகைகளிலும் இந்த ஆட்டம் வந்தது.

இன்று ஆர்கேட் பதிப்பை வீட்டில் ஆட விரும்புபவருக்கு வழி எளிதாகிவிட்டது. 2019இல் வந்த கொனாமியின் ஆர்கேட் தொகுப்பில் ஸ்கிராம்பிளும் கிரேடியஸும் ஒன்றாகவே கிடைக்கின்றன. 2025 ஆகஸ்டில் வந்த கிரேடியஸ் ஆரிஜின்ஸ் தொகுப்பு இன்னும் விரிவானது. எம்2 நிறுவனம் உருவாக்கிய அதில் தொடரின் ஏழு ஆட்டங்கள் பதினெட்டு வடிவங்களில் இடம்பெற்றுள்ளன. பின்னோக்கி ஓட்டும் வசதி, எங்கு வேண்டுமானாலும் சேமிக்கும் வசதி, பயிற்சி முறை ஆகிய மூன்றும் அதில் இருப்பதால், கற்றுக்கொள்வதையே நோக்கமாகக் கொண்டவருக்கு நான் முதலில் பரிந்துரைப்பது அதையே.

வீட்டுப் பதிப்புகளில் மிகுதியானோர் அறிந்தது 1986 ஏப்ரலில் ஜப்பானில் நின்டெண்டோவின் ஃபாமிகாம் கருவிக்கு வந்ததும், அதே ஆண்டின் இறுதியில் அமெரிக்காவில் அதன் வடிவமான என்இஎஸ்ஸுக்கு வந்ததுமான பதிப்பு. ஒரே நேரத்தில் திரையில் காட்டக்கூடிய உருவங்களின் எண்ணிக்கையில் அந்தக் கருவிக்குக் கடும் வரம்பு இருந்ததால், ஆர்கேட்டின் நான்கு ஆப்ஷன்கள் இங்கே இரண்டாகக் குறைந்தன. திரை நெடுக நீளும் லேசர் குட்டையான கோடாகச் சுருங்கியது. ஆனாலும் ஆட்டத்தின் எலும்புக்கூடு அப்படியே இருக்கிறது. கட்டங்களின் வரிசை, ஆயுதங்களைத் தேர்ந்தெடுக்கும் திறன் பட்டையின் கணக்கு, இறப்புக்குப் பின் வரும் வெறுமை எல்லாம் ஆர்கேட்டைப் போலவே. ஆர்கேட்டை விடக் கருணை மிக்கது என்பதால் புதியவர் இதில் தொடங்கி, ஏழு கட்டங்களையும் ஒருமுறை பார்த்த பிறகு ஆர்கேட்டுக்குச் செல்வது நல்லது. நின்டெண்டோ ஸ்விட்ச் ஆன்லைன் சந்தா வைத்திருப்பவர்களுக்கு இந்தப் பதிப்பு ஏற்கெனவே கையில் இருக்கிறது.

எம்எஸ்எக்ஸ் கணினிக்கு 1986இல் வந்த பதிப்பைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனெனில் அது குறையையும் அன்பையும் ஒரே இடத்தில் காட்டுகிறது. அந்தக் கணினியின் வன்பொருளில் திரையை மென்மையாக நகர்த்தும் வசதி இல்லாததால், பின்னணி எட்டு எட்டுப் புள்ளிகளாகத் தத்தித் தத்தி நகரும். முதல் பத்து நிமிடம் கண் உறுத்தும், பிறகு பழகிவிடும். அந்தக் குறையை ஈடுசெய்வதுபோல, ஆர்கேட்டில் இல்லாத எலும்புக் கட்டம் ஒன்றைக் கொனாமி இதில் சேர்த்தது. அதோடு, கணினியின் இரண்டாம் செருகியில் அதே நிறுவனத்தின் ட்வின்பீ என்ற இன்னோர் ஆட்டத்தின் கார்ட்ரிட்ஜைப் பொருத்தி ஆட்டத்தைத் தொடங்கினால் விக் வைப்பரின் இடத்தில் அந்த ஆட்டத்தின் கலமான ட்வின்பீ பறந்து வரும்.

ஆர்கேட்டுக்கு மிக நெருங்கிய முதல் வீட்டுப் பதிப்பு ஷார்ப் எக்ஸ்68000 கணினியில் வந்தது. 1987இல் அந்தக் கணினியை வாங்கியவர்களுக்குக் கிரேடியஸ் அதனுடனேயே சேர்த்துக் கொடுக்கப்பட்டது. ஆர்கேட் பலகையில் இருந்த 68000 வகைச் செயலியே அந்தக் கணினியிலும் இருந்தது என்பதால் அந்த நெருக்கம் இயல்பானது. 1991இல் பிசி எஞ்சின் என்ற வீட்டு ஆட்டக் கருவிக்கு வந்த பதிப்பில் நான்கு ஆப்ஷன்களும் உண்டு, கூடுதலாக ஒரு கட்டமும் உண்டு. 1996இல் பிளேஸ்டேஷனுக்கும் சாட்டர்னுக்கும் ஜப்பானில் வந்த டீலக்ஸ் தொகுப்பு தொடரின் முதல் இரண்டு ஆட்டங்களையும் ஆர்கேட் தோற்றத்திலேயே தந்தது. ஸ்பெக்ட்ரம், கமடோர் 64, ஆம்ஸ்ட்ராட் ஆகிய கணினிகளுக்கு ஐரோப்பாவில் நெமிசிஸ் என்ற பெயரில் வந்தவற்றை வரலாற்று ஆர்வத்துக்காகப் பார்க்கலாம். ஆட்டத்தைக் கற்பதற்கு அவை உதவா.

திறன் பட்டையை ஒரு சேமிப்புக் கணக்காகப் பாருங்கள்

ஆர்கேட்டில் கைப்பிடியோடு மூன்று பொத்தான்கள் உண்டு: சுடுவதற்கு ஒன்று, ஏவுகணைக்கு ஒன்று, திறனைத் தேர்ந்தெடுக்க ஒன்று. அந்த மூன்றாவது பொத்தானில்தான் இந்த ஆட்டத்தின் உயிர் இருக்கிறது.

திரையின் அடியில் ஆறு பெட்டிகள் கொண்ட பட்டை ஒன்று இருக்கும். வேகம், ஏவுகணை, டபுள், லேசர், ஆப்ஷன், வினாக்குறி என்பது வரிசை. வினாக்குறி என்பது கேடயம். அணிவகுத்து வரும் சிறு எதிரிகளை ஒருவர் விடாமல் அழித்தாலும், சிவப்பு நிறத்தில் தனியாக வரும் எதிரியைச் சுட்டாலும் சிவப்புக் காப்ஸ்யூல் ஒன்று மிதக்கும். அதை எடுத்தால் பட்டையில் ஒளிரும் இடம் ஒரு பெட்டி நகரும். வேண்டிய பெயர் ஒளிரும்போது பொத்தானை அழுத்தினால் அது கிடைக்கும், கணக்கு மீண்டும் சுழியத்துக்குப் போகும். ஆறாவதையும் தாண்டி ஏழாவது காப்ஸ்யூலை எடுத்தால் ஒளி மீண்டும் வேகத்துக்கே திரும்பிவிடும். நீல நிறக் காப்ஸ்யூல் கணக்கில் சேராது. அது திரையில் உள்ள சிறு எதிரிகளை ஒரே நேரத்தில் அழித்துவிடும்.

ஆக ஒவ்வொரு திறனுக்கும் விலை உண்டு. வேகத்துக்கு ஒரு காப்ஸ்யூல், ஏவுகணைக்கு இரண்டு, டபுளுக்கு மூன்று, லேசருக்கு நான்கு, ஆப்ஷனுக்கு ஐந்து, கேடயத்துக்கு ஆறு. இரண்டு வேகம், ஏவுகணை, லேசர், நான்கு ஆப்ஷன் என்ற ஆர்கேட்டின் முழு ஆயுதத் தொகுதிக்கு மொத்தம் 28 காப்ஸ்யூல்கள் வேண்டும், கேடயத்தோடு 34. ஃபாமிகாம் பதிப்பில் ஆப்ஷன் இரண்டே என்பதால் 18 போதும், கேடயத்தோடு 24. இந்த எண்களை மனதில் பதித்துக்கொண்டால், ஓர் ஆபத்தான காப்ஸ்யூலைத் துரத்துவது தகுமா, தகாதா என்று அந்த நொடியிலேயே முடிவெடுக்க முடியும்.

வேகத்தை இரண்டு முறை எடுங்கள். மூன்றாவது முறை எடுப்பதற்கு முன் தயங்குங்கள். எடுத்த வேகத்தைத் திருப்பிக் கொடுக்க வழியில்லை. நான்கு முறை எடுத்த கலம் குறுகிய பாதையில் கைப்பிடியைத் தொட்டாலே சுவரில் முட்டும்.

டபுளும் லேசரும் ஒன்றாக இயங்கா; ஒன்றை எடுத்தால் மற்றது போய்விடும். டபுள் நேராக ஒரு குண்டையும் நாற்பத்தைந்து பாகையில் மேல்நோக்கி ஒரு குண்டையும் அனுப்புகிறது. லேசரோ வழியிலுள்ள சிறு எதிரிகள் அனைத்தையும் துளைத்துக்கொண்டு போகிறது. கலத்தை மேலும் கீழும் அசைத்தால் சுட்ட கோடும் கூடவே அசையும் என்பதால், ஒரே லேசரால் செங்குத்தாகத் துடைத்தெடுக்கலாம். நெடுந்தூர ஆட்டத்துக்கு லேசரே சிறந்தது. ஆனால் டபுளை இகழ வேண்டாம், மீளும் வேளையில் அதற்கு ஓர் இடம் இருக்கிறது. ஏவுகணை கீழ்நோக்கி விழுந்து, தரையைத் தொட்டதும் தரையோடு தவழ்ந்து முன்னே செல்லும். தரையில் நிற்கும் பீரங்கிகளை நீங்கள் பார்க்காமலே அது கவனித்துக்கொள்ளும்.

என் பரிந்துரை இந்த வரிசை: வேகம், ஏவுகணை, மீண்டும் வேகம், ஆப்ஷன், ஆப்ஷன், அதன் பிறகு லேசர். லேசர் மலிவாக இருக்கிறதே, அதை ஏன் முதலில் எடுக்கக்கூடாது என்று தோன்றும். ஓர் ஆப்ஷன் வந்தால் குண்டு, ஏவுகணை இரண்டும் இரட்டிக்கின்றன. அதன் பயனாக அணிவகுப்புகள் முழுவதுமாக அழிகின்றன. அதனால் காப்ஸ்யூல்கள் கூடுகின்றன. முதலில் வருமானத்தைப் பெருக்கி, பிறகு செலவு செய்வது போன்றது இது.

கேடயத்துக்கு ஒரு நுணுக்கம் உண்டு. அது கலத்தின் முன்புறத்தை மட்டுமே காக்கும். அடி பட்டுப் பட்டுச் சுருங்கி மறையும். கேடயம் இருக்கும் வரை பட்டையில் வினாக்குறி மறைந்திருக்கும். அந்த வெற்றுப் பெட்டியின் மேல் ஒளியை நிறுத்தி வைத்துவிட்டு, அதன்பின் வரும் காப்ஸ்யூல்களைத் தொடாமல் விலகிச் சென்றால், கேடயம் உடைந்த மறுகணமே பொத்தானை அழுத்திப் புதிய கேடயத்தைப் பெறலாம். முழு ஆயுதமும் சேர்ந்த பிறகு காப்ஸ்யூலை எடுக்காமல் இருப்பதும் ஒரு திறமை என்பதைப் பலர் மிகத் தாமதமாகவே உணர்கிறார்கள்.

ஆப்ஷனை நிறுத்தக் கற்றுக்கொள்ளுங்கள்

ஆப்ஷன் என்பது கலத்தின் பின்னால் வரும் ஒளிக்கோளம். எதிரிகளாலோ சுவர்களாலோ அதை அழிக்க முடியாது. கலம் சுடும்போதெல்லாம் அதுவும் சுடும். கலம் சென்ற பாதையை அது அடிபிறழாமல் பின்பற்றும், கலம் நின்றால் தானும் நின்ற இடத்திலேயே நிற்கும். இந்த ஒரு விதியிலிருந்துதான் அத்தனை உத்திகளும் பிறக்கின்றன.

முதல் பயிற்சியாக, எதிரி இல்லாத இடைவெளியில் கலத்தை நேர் மேலாக நகர்த்தி நிறுத்துங்கள். ஆப்ஷன்கள் செங்குத்துக் கோட்டில் ஒன்றன்கீழ் ஒன்றாக நிற்கும். இப்போது லேசர் சுட்டால் திரையின் உயரத்தில் பெரும்பகுதியை மூடும் ஒரு வேலி கிடைக்கும். அடுத்ததாக, முன்னே சென்று சட்டென்று பின்னே திரும்பி நில்லுங்கள். சரியான இடத்தில் நிறுத்தினால் ஆப்ஷன் உங்களுக்கு முன்னால் நிற்கும், கலம் பாதுகாப்பாகப் பின்னால் நிற்கும். சுவருக்குள் ஒளிந்திருக்கும் எதிரியையும், பெரும் எதிரியின் மையத்தையும் இப்படித்தான் அடிக்க வேண்டும். இவ்விரண்டும் கைவரும் வரை கட்டங்களைப் பற்றிக் கவலைப்பட வேண்டாம்.

இன்னொன்றையும் தெரிந்துகொள்ளுங்கள். ஆர்கேட் பதிப்பில் உங்கள் ஆயுதம் கூடக்கூட, உயிரோடிருக்கும் நேரம் நீளநீள, எதிரிகள் சுடும் வேகமும் கூடும். எனவே தேவையற்ற திறனை வெறும் ஆசைக்காக எடுப்பதற்கும் ஒரு விலை இருக்கிறது.

கட்டங்கள் வழியே

ஒவ்வொரு கட்டத்துக்கு முன்பும் திறந்த வெளியில் சிறு படைகள் வரும் பகுதி ஒன்று உண்டு. அது உங்கள் அறுவடைக் காலம். திரையின் இடது மூன்றில் ஒரு பங்கில் நின்று, அணிவகுப்பு நுழையும் உயரத்தை நினைவில் வைத்து, அது திரும்பும் இடத்தில் காத்திருங்கள். இங்கே ஓர் அணியைத் தவறவிட்டால் கட்டத்தின் நடுவில் அதற்கான விலையைக் கொடுக்க நேரும்.

முதல் கட்டம் எரிமலை. தரையிலும் கூரையிலும் பாறைகளும் பீரங்கிகளும் எதிரிகளை உமிழும் கூண்டுகளும் இருக்கும். கூண்டைப் பார்த்தவுடன் சுட்டுவிடுங்கள். விட்டுவைத்தால் அதிலிருந்து வரும் கூட்டம் திரையை நிரப்பும். இறுதியில் இரண்டு எரிமலைகள் பாறைகளைக் கக்கத் தொடங்கும். அப்போது பின்னணி நகராது. எரிமலை வாய்க்கு நேர் மேலே நிற்கக்கூடாது. ஆப்ஷன்களைச் செங்குத்தாக அடுக்கி, இடைவிடாது சுட்டுக்கொண்டே சிறு அசைவுகளால் விலகுங்கள். பெரிய அசைவு தேவைப்பட்டால் நீங்கள் ஏற்கெனவே தவறான இடத்தில் நிற்கிறீர்கள் என்று பொருள்.

அதன் பிறகு வருவது பிக் கோர் என்ற பெருங்கலம். அதன் மையத்தில் ஒரு கருவும், கருவுக்கு முன்னே வரிசையாகச் சில தடுப்புகளும் இருக்கும். தடுப்புகளை ஒவ்வொன்றாக உடைத்து உட்கருவை அழிக்க வேண்டும். அது மேலும் கீழும் நகர்ந்துகொண்டு ஒரே நேரத்தில் நான்கு லேசர்களை நேராகச் சுடும். அவை பாய்ந்து வருவதைக் கண்ட பிறகு விலகுவது கடினம். சுட்ட ஒலி கேட்டதும் நகரப் பழகுங்கள். ஆப்ஷன் கருவின் உயரத்திலும் கலம் வேறு உயரத்திலும் இருந்தால் பாதி வேலை முடிந்தது. கையில் ஆயுதமே இல்லாவிட்டாலும் கலங்க வேண்டாம். போதுமான நேரம் தாக்குப்பிடித்தால் பிக் கோர் தானாகவே வெடித்துவிடும். மீளும் வேளையில் இந்த உண்மை பல ஆட்டங்களைக் காப்பாற்றும்.

இரண்டாம் கட்டம் ஸ்டோன்ஹெஞ்ச். மிதக்கும் கற்களின் நடுவே வழி கண்டுபிடிக்க வேண்டும். அதிக வேகம் எடுத்தவர்கள் முதலில் வருந்தும் இடம் இதுதான். வழியை மனப்பாடம் செய்வதைத் தவிர இங்கே வேறு உபாயம் இல்லை.

மூன்றாம் கட்டத்தைப் பார்த்தவர்கள் மறக்க மாட்டார்கள். ஈஸ்டர் தீவின் மோவாய் சிலைகளின் தலைகள் விண்வெளியில் மிதக்கும் திட்டுகளின் மேல் நிமிர்ந்தும், அவற்றின் அடியில் தலைகீழாகவும் இருந்துகொண்டு, வாயிலிருந்து வளையங்களைக் கக்கும். இந்தத் தொடரின் அடையாளமாகவே பின்னர் இவை மாறின. சிலையின் வாயில் மட்டுமே அடி விழும். வளையங்களையும் சுட்டு அழிக்கலாம். தலைகளில் சில வலப்புறம் நோக்கியிருக்கும் என்பதைக் கவனியுங்கள். அவற்றை நீங்கள் கடந்து சென்ற பிறகு அவை பின்னாலிருந்து சுடும், உங்கள் கேடயமோ முன்புறத்தில் மட்டும்தான் இருக்கிறது. எல்லாச் சிலைகளையும் அழிக்க முயல வேண்டாம். மேல் பாதையா, கீழ் பாதையா என்று ஒன்றைத் தீர்மானித்து, அந்தப் பாதையைப் பார்க்கும் வாய்களை மட்டும் அடியுங்கள். ஆப்ஷன்களைச் சாய்கோட்டில் வைத்துக்கொண்டால் இரண்டு உயரங்களில் உள்ள வாய்களை ஒரே நேரத்தில் அடிக்கலாம்.

நான்காம் கட்டம் முதல் கட்டத்தின் நிலத்தைத் தலைகீழாக்கியது. கூரையில் பீரங்கிகள் மிகுதி. ஏவுகணை கீழ்நோக்கி மட்டுமே செல்லும் என்பதால் முழு ஆயுதம் உள்ளவருக்கும் மேல்புறம் திறந்தே கிடக்கும். வெறுங்கலத்தோடு இங்கே மீள நேர்ந்தால் மூன்று காப்ஸ்யூலில் கிடைக்கும் டபுளை எடுங்கள். முன்பு சொன்ன அதன் இடம் இதுதான்.

ஐந்தாம் கட்டத்தில் நிலமே இல்லை. நீண்ட கைகளை வீசிக்கொண்டு, கைநுனியிலிருந்து சுட்டபடி உங்களைப் பின்தொடரும் உயிர்கள் வருகின்றன. கைகளைச் சுடுவது வீண். நடுவில் உள்ள உடலைச் சுட வேண்டும். அவை நெருங்கிய பிறகு இடம் இருக்காது என்பதால், திரைக்குள் நுழைந்தவுடனேயே ஆப்ஷனை அவற்றின் உயரத்துக்குக் கொண்டுபோய்ச் சுடத் தொடங்குங்கள். கைகளுக்கு நடுவே சிக்கிக்கொண்டவர் தப்பிப்பது அரிது.

ஆறாம் கட்டம் ஓர் உயிரின் உட்புறம் போன்றது. செல்களைப் போன்ற உருவங்கள் மிதந்து வந்து வழியை அடைக்கும். சுடுவதை ஒரு கணமும் நிறுத்தாமல், முன்னே ஓர் இடைவெளியை எப்போதும் திறந்து வைத்துக்கொள்வதே வேலை.

ஏழாவது பகைவரின் கோட்டை. உலோகச் சுவர்களின் இடையே குறுகிய வழி, இருபுறமும் பீரங்கிகள், கூண்டுகள். இங்கே இறந்தால் மீள்வது ஆட்டத்திலேயே மிகக் கடினம் என்பதால், இந்தப் பகுதியைப் பயிற்சி முறையில் வெறுங்கலத்தோடு தனியே பலமுறை ஆடிப் பார்த்திருக்க வேண்டும். கோட்டையின் உள்ளே வீற்றிருக்கும் மாபெரும் மூளைதான் இறுதி எதிரி. அது உங்களைத் தாக்குவதே இல்லை. இத்தனை போராட்டத்துக்குப் பிறகு தற்காப்பில்லாத ஒன்றின் முன் நிற்கும் அந்தக் கணத்தில் வரும் அமைதியை நான் இந்த ஆட்டத்தின் மிக அழகான முடிவாகவே கருதுகிறேன்.

வெறுங்கலத்தோடு மீள்வது

கலம் வெடித்ததும் ஆட்டம் உங்களைக் கட்டத்தின் உள்ளே குறிக்கப்பட்ட ஓர் இடத்துக்குப் பின்னோக்கிக் கொண்டுபோய் விடும். அந்த இடங்கள் மாறுவதில்லை. எனவே ஒவ்வொன்றுக்கும் ஒரு தாளில் மூன்று விவரங்களை எழுதி வையுங்கள்: முதல் சிவப்பு எதிரி எங்கே வருகிறான், முதல் இரண்டு காப்ஸ்யூலுக்குள் எந்தெந்த எதிரியைச் சுடாமல் ஒதுங்கலாம், உங்களைக் கொன்றது எது. இந்தத் தாள் எத்தனை நாள் ஆட்டத்தைச் சுருக்கிவிடுகிறது என்பதை எழுதிப் பார்த்தவரே அறிவார்.

முதல் காப்ஸ்யூல் கிடைத்தவுடன் வேகத்தை எடுங்கள். இதில் யோசனையே வேண்டாம். வேகமில்லாத கலத்தால் அடுத்த காப்ஸ்யூலைச் சென்றடைய முடியாது. அதன் பிறகு இடத்தைப் பார்த்து முடிவு செய்யுங்கள். தரைப் பீரங்கிகள் மிகுந்த இடத்தில் ஏவுகணை, கூரையிலிருந்து ஆபத்து வரும் இடத்தில் டபுள். நிலமில்லாத ஐந்தாம் கட்டத்தில் ஏவுகணைக்கு ஒரு காப்ஸ்யூலும் வீணாக்காமல் ஆப்ஷனுக்காகச் சேமியுங்கள்.

ஆயுதம் குறைவாக இருக்கும்போது இலக்குக்கு அருகில் சென்று சுடுவது பயன் தரும். திரையில் ஒரே நேரத்தில் இருக்கக்கூடிய உங்கள் குண்டுகளின் எண்ணிக்கைக்கு வரம்பு உண்டு; முந்தைய குண்டு எதையாவது தாக்கி மறைந்தால்தான் அடுத்தது புறப்படும். தொலைவிலிருந்து சுட்டால் குண்டு திரையைக் கடக்கும் வரை காத்திருக்க நேரும். அருகிலிருந்து சுட்டால் அதே கலம் பலமடங்கு வலிமையுடையதாக மாறும். அச்சமான வேளையில் பின்வாங்கத் தோன்றுவது இயல்பே. அங்கேதான் முன்னே செல்லவும் வேண்டும்.

பயிற்சியின் வரிசையையும் இதற்கேற்பத் திருப்பி அமையுங்கள். பயிற்சி வசதியுள்ள பதிப்பில் ஒரு கட்டத்தைத் தேர்ந்தெடுத்து, எந்த ஆயுதமும் இல்லாமல் அதன் நடுவிலிருந்து தொடங்குங்கள். மூன்று முறை தொடர்ந்து மீண்டு வந்த பிறகே முழு ஆயுதத்தோடு அந்தக் கட்டத்தை ஆடுங்கள். பின்னோக்கி ஓட்டும் வசதியை, இறந்த காரணத்தைப் பார்ப்பதற்கு மட்டும் பயன்படுத்துங்கள். அதை வைத்துக் கட்டத்தையே கடந்துவிட்டால் கை எதையும் கற்றிருக்காது.

கொனாமி குறியீடு

ஃபாமிகாம் பதிப்பில் ஆடுபவருக்குக் கைகொடுக்கும் குறியீடு ஒன்று இருக்கிறது. ஆட்டத்தை நிறுத்தி வைத்துவிட்டு மேல், மேல், கீழ், கீழ், இடது, வலது, இடது, வலது, பி, ஏ என்று அழுத்தி, மீண்டும் தொடங்கினால் ஏவுகணையும் இரண்டு ஆப்ஷன்களும் கேடயமும் உடனே கிடைக்கும். வேகமும் லேசரும் கிடைக்கா. அவற்றை நீங்களே சேர்க்க வேண்டும். இந்தப் பதிப்பை உருவாக்கிய காஸுஹிசா ஹாஷிமோட்டோ, சோதனைக்காக ஆட்டத்தை முழுவதுமாக ஆடிப் பார்க்க வேண்டியிருந்தபோது அது தமக்கே மிகக் கடினமாக இருந்ததால் இந்தக் குறியீட்டை அமைத்துக்கொண்டார்; வெளியான பதிப்பிலும் அது தங்கிவிட்டது. அவர் 2020 பிப்ரவரியில் காலமானார்.

தொண்ணூறுகளில் தமிழ்நாட்டில் 'டிவி கேம்' என்ற பெயரில் விற்ற கருவிகளில் பல ஃபாமிகாமின் நகல்களே. அவற்றில் கான்ட்ரா ஆடி, முப்பது உயிர்களுக்காக இதே வரிசையை விரல்களில் பதித்துக்கொண்டவர்கள் ஏராளம். அந்த விரல் நினைவின் மூலம் கிரேடியஸ்தான்.

குறியீட்டைப் பயன்படுத்துவதில் பிழை ஏதும் இல்லை. ஆனால் கட்டத்தின் தொடக்கத்தில் பயன்படுத்தாதீர்கள். எத்தனை முயன்றும் மீள முடியாத ஓரிடத்தை, குறிப்பாக ஏழாம் கட்டத்தின் நடுப்பகுதியை, கடப்பதற்காக வைத்திருங்கள்.

மூளை அழிந்த பிறகு

ஆட்டம் அங்கே நிற்காது. முதல் கட்டம் மீண்டும் தொடங்கும், உங்கள் ஆயுதங்கள் அப்படியே இருக்கும், எதிரிகள் மட்டும் முன்னிலும் கடுமையாகச் சுடுவார்கள். இரண்டாம் சுற்றில் எழுதி வைத்த தாளை மறுபடி எடுங்கள்; மீளும் இடங்கள் மாறியிருக்காது, ஆனால் சுடாமல் ஒதுங்கலாம் என்று குறித்திருந்த எதிரிகளில் பலரை இப்போது முதலில் சுட வேண்டியிருக்கும். அந்தப் பெயர்களை அடித்துவிட்டு, மூன்றாம் கட்டத்தின் மோவாய்களிலிருந்து திருத்தத் தொடங்குங்கள்.